எதிர் வண்டிக்குத் தடம் மாற்றிக் கொடுத்தால் நான் வழக்குப் போட முடியுமா?

வாசகர் கடிதம்: கல்குளம் வட்டத்தில் ஒரே ஒரு மினி பஸ் வைத்திருக்கிறேன். அப்பா காலத்தில் எடுத்த பெர்மிட். திங்கள்சந்தையில் புறப்பட்டு, சானல் (கால்வாய்) கரை, உள்ளூர்ச் சாலைகள் வழியாகச் சுற்றித் தக்கலை போகும் தடம். மூன்று வண்டி வைத்திருக்கும் இன்னொருவர் தன் வண்டி ஒன்றுக்கு வழித்தட மாற்றம் வாங்கி, என் தடத்தில் பாதித் தூரம் ஓட்டுகிறார். காலைப் பள்ளிக்கூட டிரிப்பில் எனக்கு நான்கு நிமிடம் முன்னால் போய் நிறுத்தத்தில் நிற்கும் ஆட்களையெல்லாம் ஏற்றிக்கொள்கிறார். எனக்கு நோட்டீஸ் எதுவும் வரவில்லை. அரசு டவுன் பஸ்ஸில் பெண்களுக்குக் கட்டணமில்லாப் பயணம் வந்ததிலிருந்தே வசூல் குறைவு. இப்போது டீசலுக்கும் டிரைவர் சம்பளத்துக்குமே இழுபறி. திங்கள்கிழமை கலெக்டர் அலுவலகத்தில் மனு கொடுத்திருக்கிறேன். போட்டி வண்டிக்காரர் என்ற முறையில் எனக்கு வழக்குப் போட உரிமையே இல்லை, உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது என்கிறார் ஒரு வக்கீல். மதுரைக்குப் போனால் ஒரே நாளில் தடை வாங்கலாம் என்கிறார் இன்னொருவர். அந்த மூன்று வண்டிக்காரருக்குப் பெரிய இடத்துச் சிபாரிசு இருப்பதாகக் கேள்வி. நானும் ஒருவரைப் பிடிக்கலாமா? பெர்மிட்டை அவருக்கே கொடுத்துவிடச் சொல்லியும் ஆள் விட்டிருக்கிறார். போன வாரம் என் டிரைவர் அவருடைய வண்டியை முக்கில் வைத்து மறித்துவிட்டான். போலீசில் புகார் ஆகியிருக்கிறது.

அன்புள்ள வாசகருக்கு,

நீங்கள் கடைசி வரியில் எழுதியதிலிருந்து தொடங்குகிறேன், ஏனென்றால் உங்களுக்கு உடனடி ஆபத்து அங்கேதான் இருக்கிறது. ஒருவர் போகும் உரிமையுள்ள திசையில் போகவிடாமல் மறிப்பது பாரதிய நியாய சன்ஹிதாவின் 126-ஆம் பிரிவின்படி குற்றம். தண்டனை சிறியதாக இருக்கலாம். ஆனால் நாளை நீங்கள் எந்த மன்றத்தில் போய் நின்றாலும் எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் நீட்டப்போவது அந்தப் புகாரின் நகலைத்தான். நியாயம் கேட்டு வந்தவர் என்ற இடத்திலிருந்து ரவுடித்தனம் செய்பவர் என்ற இடத்துக்கு உங்களைத் தள்ள அவருக்கு அந்த ஒரு தாள் போதும். மறித்த வண்டிக்குள் பள்ளிப் பிள்ளைகள் இருந்திருப்பார்கள், அவர்களுக்கும் இந்தச் சண்டைக்கும் என்ன சம்பந்தம்? டிரைவரைக் கூப்பிட்டு, இனி ஒருமுறை இப்படி நடந்தால் வேலையில்லை என்று சொல்லுங்கள். காவல் நிலையத்தில் அழைத்தால் நீங்களும் உடன் போங்கள். நடந்ததை நியாயப்படுத்திப் பேசாதீர்கள்.

அடுத்தது, உங்களுக்கு உரிமை உண்டா என்ற கேள்வி. முதல் வக்கீல் சொன்னதில் பாதி உண்மை இருக்கிறது. 1939-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தில், புதிய பெர்மிட் கேட்டு ஒருவர் விண்ணப்பித்தால் அந்தத் தடத்தில் ஏற்கெனவே ஓடுபவர் ஆட்சேபம் சொல்ல 47, 57 பிரிவுகள் இடம் கொடுத்தன. 1988-ஆம் ஆண்டுச் சட்டம் அந்த வழியை எடுத்துவிட்டது. இப்போதுள்ள 80-ஆம் பிரிவு, பெர்மிட் விண்ணப்பத்தைச் சாதாரணமாக மறுக்கக் கூடாது என்றே சொல்கிறது. இதை வைத்துத்தான் 1991-இல் மிதிலேஷ் கார்க் வழக்கில், புதிதாக வண்டிகள் வருவதை எதிர்க்கப் பழைய உரிமையாளர்களுக்கு உரிமை இல்லை என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. தொழிற்போட்டியால் வருமானம் குறைவதைச் சட்டம் காயமாகக் கருதுவதில்லை என்பதை அதற்கு முன்பே, 1976-இல், ஜஸ்பாய் மோதிபாய் தேசாய் வழக்கில் சொல்லியிருந்தது. அது ஒரு திரையரங்கு உரிமையாளர் இன்னொரு திரையரங்கை எதிர்த்துப் போட்ட வழக்கு.

ஆகவே, “அவர் வந்ததால் என் வசூல் போயிற்று” என்று மனுவில் எழுதினால் அந்த மனு தோற்கும். நீங்கள் கலெக்டர் அலுவலகத்தில் கொடுத்த மனுவின் நகலை அனுப்பியிருந்தீர்கள், படித்தேன். இரண்டு பக்கமும் வசூல் கணக்குத்தான் இருக்கிறது. உங்கள் வேதனை எனக்குப் புரிகிறது. ஒரு வண்டி ஓடி ஒரு குடும்பம் பிழைக்கும்போது நான்கு நிமிடம் என்பது அரிசி விலை. ஆனால் அந்த மனுவில், அவருக்குக் கொடுத்த உத்தரவு எந்த வகையில் சட்டத்துக்குப் புறம்பானது என்று ஒரு வாக்கியம்கூட இல்லை.

அந்த வாக்கியத்துக்கு இடம் இருக்கிறது. மற்ற மாவட்டத்துக்காரர்களைவிட நம் மாவட்டத்துக்காரருக்கு அது கூடுதலாகவே இருக்கிறது.

குமரி மாவட்டச் சாலைகள் தனியாருக்குத் திறந்துவிடப்பட்ட சாலைகள் அல்ல. திருவிதாங்கூர் அரசு 1938-இல் அரசுப் போக்குவரத்தைத் தொடங்கியபோது நம் பகுதி அந்த அரசின் கீழ் இருந்தது. 1956 நவம்பர் 1-இல் தமிழகத்தோடு சேர்ந்த பிறகும் அரசு பஸ்தான் இங்கே பிரதானம் என்ற நிலை தொடர்ந்தது. நேசமணி பெயரில் தனிப் போக்குவரத்துக் கழகமே நாகர்கோவிலைத் தலைமையிடமாகக் கொண்டு இயங்கியதைப் பெரியவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். திருநெல்வேலி, மதுரைப் பக்கம் போல டவுனுக்கு டவுன் தனியார் பஸ் இங்கே ஓடாததற்குக் காரணம் இதுதான். 1997-இல் தமிழக அரசு மினி பஸ் திட்டத்தைக் கொண்டுவந்து, பெரிய பஸ் போகாத ஊர்களுக்கு என்று ஒரு விலக்கைக் கொடுத்ததால்தான் உங்கள் அப்பா வண்டி வாங்க முடிந்தது.

விலக்கு என்று சொன்னதைக் கவனியுங்கள். மோட்டார் வாகனச் சட்டத்தின் ஐந்தாம் அத்தியாயம் பெர்மிட்டுகளைப் பற்றியது. ஆறாம் அத்தியாயம் அரசுப் போக்குவரத்துக்காக ஒரு பகுதியையோ தடத்தையோ திட்டமாக அறிவிப்பதைப் பற்றியது. இரண்டும் மோதினால் ஆறாம் அத்தியாயமே மேலோங்கும் என்கிறது 98-ஆம் பிரிவு. திட்டம் அறிவிக்கப்பட்ட இடத்தில் அந்தத் திட்டத்தின்படியல்லாமல் பெர்மிட் கொடுக்கக் கூடாது என்கிறது 104-ஆம் பிரிவு. மிதிலேஷ் கார்க் தீர்ப்பு பேசும் தாராளம் ஐந்தாம் அத்தியாயத்தின் தாராளம். மினி பஸ்ஸுக்கோ திட்டம் போட்ட எல்லைக்கோட்டுக்குள்தான் நடமாட்டம்: தடத்தின் மொத்த நீளத்துக்கு ஒரு வரம்பு, அதில் பஸ் வசதியில்லாத பகுதி எவ்வளவு இருக்க வேண்டும், ஏற்கெனவே பஸ் ஓடும் சாலையில் எவ்வளவு தூரம் ஓடலாம் என்ற கணக்கு. 2025-இல் நடைமுறைக்கு வந்த புதிய திட்டத்தில் மொத்த நீளம் 25 கிலோமீட்டர் வரை போகலாம். அதிலும் பெரும்பகுதி பஸ் வசதி இல்லாத பாதையாக இருந்தாக வேண்டும். அவருடைய வண்டி பழைய திட்டத்தில் ஓடுகிறதா, புதியதற்கு மாறிவிட்டதா என்பதை முதலில் தெரிந்துகொள்ளுங்கள். அளவுகோல் அதைப் பொறுத்து மாறும்.

வழித்தட மாற்றத்துக்கு 80-ஆம் பிரிவின் மூன்றாம் உட்பிரிவு தனியாக விதி சொல்கிறது. பெர்மிட்டில் உள்ள தடத்தை மாற்றுவது, நீட்டுவது, டிரிப்பைக் கூட்டுவது எல்லாமே பொதுவாகப் புதிய பெர்மிட் விண்ணப்பமாகவே பார்க்கப்பட வேண்டும். இடைவழியை மாற்றலாம், ஆனால் புறப்படும் இடத்தையும் போய்ச் சேரும் இடத்தையும் மாற்றக் கூடாது. மாற்றும் தூரம் 24 கிலோமீட்டரைத் தாண்டக் கூடாது. அதற்குள் இருந்தாலும், இந்த மாற்றம் பொதுமக்களின் வசதிக்கு உதவும், தனியாக ஒரு பெர்மிட் கொடுப்பது பொருத்தமாக இருக்காது என்று, பெர்மிட் கொடுக்கும் வட்டாரப் போக்குவரத்து ஆணையம் திருப்தி அடைந்த பிறகே அனுமதிக்கலாம். “24 கிலோமீட்டர் வரை எங்களுக்குச் சட்டமே இடம் கொடுக்கிறது” என்று எதிர்த்தரப்பு சொல்லும். மினி பஸ் விஷயத்தில் அந்தப் பேச்சோடு நின்றுவிட முடியாது. மாற்றிய பிறகும் தடம் திட்டத்தின் வரம்புக்குள் நிற்கிறதா என்பதையும் அவர் காட்டியாக வேண்டும்.

இதையெல்லாம் காகிதத்தில் எங்கே பார்ப்பது? இந்த வகை வழக்கின் உயிர் தட ஆய்வு அறிக்கையில் இருக்கிறது. மோட்டார் வாகன ஆய்வாளர் சாலையில் போய்ப் பார்த்து, எந்த இடத்திலிருந்து எந்த இடம் வரை பஸ் ஓடும் பகுதி, எது ஓடாத பகுதி, எத்தனை கிலோமீட்டர், சாலை அகலம் தாங்குமா என்று எழுதிக் கொடுப்பது அது. அறிக்கையைக் கையில் வாங்கிக்கொண்டு, அதே தடத்தில் இருசக்கர வாகனத்தில் மெதுவாகப் போங்கள். ஒவ்வொரு சந்திப்பிலும் மீட்டரைக் குறித்துக்கொள்ளுங்கள். நம் ஊர்ப் பாதைகள் நேராகப் போவதில்லை. குளத்தைச் சுற்றி, சானல் பாலம் ஏறி, ரப்பர் தோட்டத்து ஓரமாக வளைந்து போகும். ஒரு சந்திப்புக்கு இரண்டு பெயர் இருக்கும். சர்ச் முக்கு என்று ஒருவர் எழுதியதையே இன்னொருவர் சானல் முக்கு என்று எழுதுவார். அறிக்கையில் பஸ் வசதி இல்லாதது என்று காட்டிய சாலையில் அரசு டவுன் பஸ் ஒன்று தினமும் இரண்டு டிரிப் அடித்துக்கொண்டிருந்தால் கணக்கே புரண்டுவிடும். அப்படி ஒரு பஸ் ஓடினால் அதன் தட எண்ணையும் நேரத்தையும் எழுதி, நிறுத்தத்தில் படம் எடுத்து வையுங்கள். போக்குவரத்துக் கழகத்தின் உள்ளூர்ப் பணிமனைக்கும் ஒரு கடிதம் கொடுங்கள். திட்டத்தால் பாதுகாக்கப்படுவது அவர்களுடைய சேவை. அவர்கள் ஆட்சேபித்தால் அதன் எடையே வேறு.

அறிக்கை சரியாக இருந்து, இதுவரை பஸ் எட்டிப்பார்க்காத ஒரு குடியிருப்புக்கு அவர் வண்டி உண்மையாகவே போகிறது என்றும் தெரியவரலாம். அப்படியானால் உங்களிடம் ஒளிக்காமல் சொல்கிறேன்: தட மாற்றத்தை எதிர்க்காதீர்கள். அரசு மருத்துவமனைக்கு நடந்து போய்க்கொண்டிருந்தவர்களுக்கு ஒரு பஸ் கிடைத்திருக்கிறது. அதை நிறுத்தச் சொல்லி எந்த மன்றத்தில் கேட்டாலும் கிடைக்காது, கேட்பதும் முறையல்ல. அந்த நிலையில் உங்கள் சண்டை நேரத்தைப் பற்றியது மட்டும்.

நேரத்தைப் பற்றிய சண்டையில் உங்கள் கை ஓங்கியே இருக்கிறது. உங்களுக்கு நிர்ணயித்துக் கொடுத்த கால அட்டவணை உங்கள் பெர்மிட்டின் நிபந்தனை. எதிர் வண்டிக்கும் அப்படியே. அங்கீகரிக்கப்பட்ட கால அட்டவணையை வண்டியிலும் நிறுத்தங்களிலும் ஒட்டி வைக்க வேண்டும், அனுமதித்த அளவுக்கு மேல் நேரம் பிசகக் கூடாது என்று 72-ஆம் பிரிவின் கீழ் நிபந்தனை போட முடியும். வழக்கமாகப் போடவும் செய்கிறார்கள். அவர் வண்டியில் அட்டவணை ஒட்டியிருக்கிறதா? ஒட்டியிருந்தால் அதில் உங்கள் பள்ளிக்கூட டிரிப் நேரத்துக்கு அந்தச் சந்திப்பைக் கடக்க அவருக்கு அனுமதி இருக்கிறதா? தட மாற்றம் கிடைத்த கையோடு, புதிய நேரம் நிர்ணயமாகும் முன்பே கண்ட நேரத்தில் ஓட்டுபவர்கள் உண்டு. ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கி, இரண்டு வாரம், ஒரே சந்திப்பில், ஒரே ஆளை நிறுத்தித் தேதி, வண்டி எண், வந்த நேரம், போன நேரம் எழுதச் சொல்லுங்கள். உங்கள் வண்டியின் தாமதத்தையும் மறைக்காமல் எழுத வேண்டும். உங்கள் வண்டி மட்டும் தினமும் நொடி பிசகாமல் வந்ததாகக் காட்டும் நோட்டை யாரும் நம்ப மாட்டார்கள். டிக்கெட் இயந்திரத்தில் பதிவாகும் நேரமும் துணைக்கு இருக்கட்டும்.

அந்த நோட்டோடு, ஆணையத்தின் செயலாளர் என்ற முறையில் ஆர்.டி.ஓ.வுக்கு மனு எழுதுங்கள்: குறிப்பிட்ட சந்திப்பில் இரண்டு வண்டிக்கும் இடையே நியாயமான இடைவெளி விட்டு நேரம் நிர்ணயிக்க வேண்டும், அதற்காக இரு தரப்பையும் அழைத்துப் பேச வேண்டும். ஒரே பாதையில் ஓடுபவர்களைக் கூட்டி வைத்து நேரம் போடுவது பழக்கத்தில் உள்ள முறைதான். உங்களைக் கேட்காமல் அவருக்கு நேரம் நிர்ணயித்திருந்தால் அந்தக் குறையையும் அதே மனுவில் எழுதுங்கள். வசூல் கணக்கு எழுதுவதற்குப் பதில், ஏழரைக்கும் எட்டுக்கும் இடையே இரண்டு வண்டியும் ஒட்டிக்கொண்டு போய்விடுகின்றன, அதற்குப் பிறகு ஒன்றரை மணி நேரம் வண்டியே இல்லை என்பது போன்ற உண்மை உங்கள் தடத்தில் இருந்தால் அதை எழுதுங்கள். மீன் பெட்டியோடு நிற்கும் பெண்களும் பள்ளிப் பிள்ளைகளின் பெற்றோரும் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தால் அது உங்கள் வசூல் கணக்கைவிடக் கனமான ஆவணம். என் அனுபவத்தில் இப்படிப்பட்ட சண்டைகளில் முக்கால்வாசி இங்கேயே தீர்ந்துவிடக் கூடியவை. தீராமல் சென்னைக்கும் மதுரைக்கும் போவது பெரும்பாலும் வீம்பால்.

அவர் அனுமதி உத்தரவே இல்லாமல் ஓட்டுகிறார் என்று தெரியவந்தால் விஷயமே வேறு. பெர்மிட்டில் இல்லாத தடத்தில் ஓட்டுவது 192ஏ பிரிவின்படி குற்றம். 86-ஆம் பிரிவின்படி பெர்மிட்டை நிறுத்திவைக்கவோ ரத்து செய்யவோ ஆணையத்துக்கு அதிகாரம் உண்டு. அதற்குப் புகார் போதும், வழக்குத் தேவையில்லை.

உத்தரவு இருந்து, அது திட்டத்துக்கு முரணானது என்று ஆவணங்கள் காட்டினால் எங்கே போவது? நம் மாநிலத்தில் மாவட்ட ஆட்சியர்தான் வட்டாரப் போக்குவரத்து ஆணையம். அவருடைய உத்தரவை எதிர்த்து 89-ஆம் பிரிவில் மேல்முறையீடு செய்ய, உங்கள் பெர்மிட்டைப் பாதித்த உத்தரவாக அது இருக்க வேண்டும். இது எதிர்த்தரப்பின் பெர்மிட்டைப் பற்றிய உத்தரவு. எனவே 90-ஆம் பிரிவின்படி சென்னையில் உள்ள மாநிலப் போக்குவரத்து மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தில் சீராய்வு மனு போடுவதே உங்களுக்குப் பொருந்தும் வழி. உத்தரவு முறையற்றது அல்லது சட்டவிரோதமானது என்று கண்டால் தீர்ப்பாயம் அதை மாற்றலாம். இடைக்காலத் தடையும் அங்கேயே கேட்கலாம். நீங்கள் வெறும் போட்டியாளர் என்ற ஆட்சேபம் அங்கேயும் வரும். உங்கள் பெர்மிட், உங்களுக்கு நிர்ணயித்த நேரம், மீறப்பட்ட திட்டம் என்ற மூன்றின் மேல் மனு நின்றால் அதைத் தாங்கும்.

உத்தரவு தேதியிலிருந்து 30 நாளுக்குள் சீராய்வு மனு போட வேண்டும். போதிய காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிக்கத் தீர்ப்பாயத்துக்கு அதிகாரம் இருக்கிறது. ஆனால் அதை நம்பி உட்கார்ந்துவிடக் கூடாது. திங்கள்கிழமை குறைதீர்க்கும் நாளில் கொடுத்த மனு இந்த 30 நாளை நிறுத்தி வைக்காது. ரசீது கையில் இருக்கிறது, பதில் வரும் என்று காத்திருந்து காலக்கெடுவைக் கோட்டைவிட்டவர்களைப் பார்த்து மனம் நொந்திருக்கிறேன். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டாலும் பதில் தர அவர்களுக்கு 30 நாள் அவகாசம் உண்டு. அதையும் போடுங்கள், ஆனால் அதற்கு முன்னால் உத்தரவு, ஆய்வு அறிக்கை, நேர நிர்ணய நடவடிக்கை மூன்றுக்கும் சான்றிட்ட நகல் கேட்டு நேரடியாக மனு கொடுத்து, தேதி முத்திரையோடு ஒப்புதல் வாங்கிக்கொள்ளுங்கள். உத்தரவைப் பற்றி நீங்கள் எப்போது அறிந்தீர்கள் என்பதற்கும், நகலுக்காக எப்போது அலைந்தீர்கள் என்பதற்கும் அந்த முத்திரையே சாட்சி.

உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ஒரே நாளில் தடை என்ற பேச்சை நம்பி வண்டி ஏறாதீர்கள். ரிட் மனு (அரசு அதிகாரியின் உத்தரவை எதிர்த்து நேராக உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போட்டால், தீர்ப்பாயம் இருக்கும்போது நேராக இங்கே ஏன் வந்தீர்கள் என்பதே முதல் கேள்வியாக இருக்கும். விசாரணை வாய்ப்பே தராத உத்தரவு, அதிகாரமே இல்லாதவர் போட்ட உத்தரவு போன்றவற்றில் நேராக வரலாம் என்று 1998-இல் வேர்ல்பூல் வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியிருக்கிறது. ஆவணம் கைக்கு வருமுன் உங்கள் விஷயம் அதில் அடங்குமா என்று யாராலும் சொல்ல முடியாது. ஆனால் வேறொன்றுக்கு மதுரை உதவும். நேர நிர்ணயம் கேட்டு நீங்கள் கொடுத்த மனுவை மாதக்கணக்கில் தொடாமலே வைத்திருந்தால், குறிப்பிட்ட காலத்துக்குள் அதை விசாரித்து முடிவெடுக்க உத்தரவிடும்படி கேட்கலாம்.

சிபாரிசுக்கு ஆள் பிடிக்கலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். வேண்டாம். 2008-இல் இமாச்சலப் பிரதேசத்திலிருந்து வந்த பஞ்சம் சந்த் வழக்கே ஒரு பஸ் பெர்மிட் வழக்குத்தான். பெர்மிட் கொடுக்கும் விஷயத்தில் முதலமைச்சருக்குக்கூட எந்தப் பங்கும் இல்லை, சட்டம் யாரிடம் அதிகாரத்தைக் கொடுத்ததோ அவரே சுயமாக முடிவெடுக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. எதிர்த்தரப்பின் கோப்பில் சிபாரிசுக் கடிதம் ஏதாவது இருந்தால் அது உங்களுக்குப் பயன்படும் ஆவணம். நீங்களும் ஒன்றை வாங்கிக் கொடுத்தால் அந்த வாதத்தை உங்கள் கையாலேயே கெடுத்துக்கொள்வீர்கள். கோப்பில் எதுவும் இல்லாதபோது, கேள்விப்பட்டதை வைத்து மனுவில் யார் பெயரையும் இழுக்காதீர்கள்.

பெர்மிட்டை அவருக்கே கொடுத்துவிடும் பேச்சு. வண்டியை நடத்த முடியாத நிலை வந்தால் கைமாற்றுவதில் தவறு ஒன்றும் இல்லை. அது உங்கள் குடும்பம் உட்கார்ந்து முடிவுசெய்ய வேண்டியது. ஆனால் முத்திரைத்தாளில் ஒப்பந்தம் எழுதி, முன்பணம் வாங்கிக்கொண்டு சாவியைக் கொடுத்துவிடாதீர்கள். பெர்மிட்டை ஆணையத்தின் அனுமதி இல்லாமல் மாற்ற முடியாது என்கிறது 82-ஆம் பிரிவு. அனுமதி வரும்வரை ஏட்டில் உரிமையாளர் நீங்களே. விபத்து நடந்தாலும் வரி பாக்கி நின்றாலும் நிபந்தனை மீறினாலும் நோட்டீஸ் உங்கள் வீட்டுக்குத்தான் வரும். அப்பா பெயரில் எடுத்த பெர்மிட் உங்கள் பெயருக்கு முறையாக மாறியிருக்கிறதா என்பதையும் இந்த நேரத்தில் பார்த்துவிடுங்கள். பெர்மிட்டின் ஆயுள் ஐந்து ஆண்டு. காலாவதிக்குக் குறைந்தது 15 நாள் முன்னால் புதுப்பிக்க விண்ணப்பிக்க வேண்டும். நீங்கள் அனுப்பிய நகலில் கடைசிப் பக்கம் இல்லை, அதனால் தேதியைப் பார்க்க முடியவில்லை. உங்கள் பெர்மிட்டில் ஓட்டை இருந்தால் அவருடைய பெர்மிட்டைப் பற்றி நீங்கள் பேசும் எதுவும் எடுபடாது. அந்தப் பக்கத்தை இன்றே எடுத்துப் பாருங்கள். சான்றிட்ட நகல் கேட்கும் மனுவை நாளை காலை அலுவலகம் திறந்ததும் கொடுத்துவிடுங்கள்.